இருபத்திரண்டு நிமிஷம்

அப்பா சொத்து வேண்டும் என்று கோர்ட்டுக்குப் போகிறவர்களை உங்களுக்குத் தெரியும். அப்பாவிடமிருந்து வந்தது வேண்டவே வேண்டாம் என்று கோர்ட்டில் நின்று, வக்கீல் வைக்காமல் தானே வாதாடிய ஓர் ஆசாமி இருந்தார். பெயர் டோனி பென். பிரிட்டனின் லேபர் கட்சிக்காரர். 1925-ல் பிறந்து 2014-ல் இறந்தவர். நாள் முழுக்க அரசியல், டீ, பைப்; ராத்திரி படுக்குமுன் அன்றைய கதையை டேப்பில் பேசிவைப்பது. அந்த டைரிகள் வால்யூம் வால்யூமாக வந்திருக்கின்றன. அவ்வளவுக்குப் பொறுமை இல்லாதவர்களுக்கு, ரூத் வின்ஸ்டன் தொகுத்த 1940 முதல் 1990 வரையிலான ஒற்றைப் புத்தகம் போதும்.

முதலில் கதை. இவருடைய அப்பா வில்லியம் வெட்ஜ்வுட் பென், 1929-லிருந்து 31 வரை லண்டனில் இந்தியா மந்திரி. வேதாரண்யத்தில் உப்பு எடுத்து ராஜாஜி ஜெயிலுக்குப் போனாரே, அப்போது அங்கே நாற்காலியில் இருந்தவர். 1942-ல் அவரை வைகவுண்ட் ஸ்டான்ஸ்கேட் ஆக்கினார்கள். பரம்பரைப் பட்டம். பாதிரியாராக விரும்பிய மூத்த மகன் மைக்கேல் ஆட்சேபிக்கவில்லை. 1944-ல், யுத்தத்தில், விமானப் படையில் இருந்த மைக்கேல் இறந்துபோக, வாரிசு டோனி.

டோனி 1950-ல் பிரிஸ்டல் தொகுதி எம்.பி. ஆனார். 1960 நவம்பரில் அப்பா இறந்தார். அந்த நிமிஷமே மகன் பிரபு ஆகிவிட்டார். பிரபு என்றால் காமன்ஸ் சபையில் உட்காரக் கூடாது. எம்.பி. பதவி போச்சு! 1961 இடைத்தேர்தலில் பிடிவாதமாக நின்று 13,044 ஓட்டு வித்தியாசத்தில் ஜெயித்தார். சபைக்குள்ளே விடவில்லை. தேர்தல் கோர்ட், தோற்றுப்போன கன்சர்வேடிவ் வேட்பாளர் மால்கம் செயின்ட் கிளேருக்கு சீட்டைக் கொடுத்தது. வேடிக்கை என்னவென்றால், அந்த செயின்ட் கிளேரே இன்னொரு பிரபு பட்டத்துக்கு வாரிசு!

பென் விடவில்லை. கடைசியில் 1963 ஜூலை 31, மாலை ஆறு மணிக்கு, பட்டத்தைத் துறக்கலாம் என்ற சட்டம் அமலுக்கு வந்தது. 6.22-க்கு பென் துறந்துவிட்டார். செயின்ட் கிளேரும் கொடுத்த வாக்கைக் காப்பாற்றி ராஜினாமா செய்ய, ஆகஸ்டில் பென் மறுபடி எம்.பி.

இங்கேதான் சரித்திரம் கண்ணடிக்கிறது. அதே வருஷம் அக்டோபரில் பிரதமர் மேக்மில்லன் உடம்பு சரியில்லாமல் விலகினார். அடுத்து வந்தவர் ஹோம் பிரபு, பதினான்காவது ஏர்ல். இடதுசாரி பென் பாடுபட்டு உடைத்த கதவு வழியாக, அசல் பரம்பரைப் பிரபு நடந்துபோய் கன்சர்வேடிவ் பிரதமராக உட்கார்ந்தார். பட்டத்தைத் துறந்து இடைத்தேர்தலில் ஜெயிக்கும்வரை, சுமார் இரண்டு வாரம், எந்தச் சபையிலும் இல்லாத பிரதமர் அவர்!

இனி டைரிக்கு வருவோம். இதன் பலம், அன்றன்றைக்கே சொன்னது. சுயசரிதை எழுதுகிறவருக்கு முடிவு தெரியும். அதற்கேற்ப முன்கதையை இஸ்திரி போட்டுவிடுவார். பென்னுக்கு நாளைக்கு என்ன என்று தெரியாது. போஸ்ட்மாஸ்டர் ஜெனரலாக இருந்தபோது ஸ்டாம்பிலிருந்து ராணி தலையை எடுக்கப் பார்த்தது, மந்திரியாக அணுமின்சாரத்தை ஆதரித்துவிட்டுப் பிற்பாடு எதிர்த்தது, 1981-ல் கட்சித் துணைத் தலைவர் தேர்தலில் டெனிஸ் ஹீலியிடம் ஒரு சதவிகிதத்துக்கும் குறைவான வித்தியாசத்தில் தோற்றது... எல்லாம் சூடு ஆறாமல் இருக்கிறது.

பலவீனம்? மனுஷருக்குத் தன்மேல் சந்தேகமே வருவதில்லை. கட்சி இரண்டுபட்டபோது தன் பங்கு எவ்வளவு என்று இன்னும் கொஞ்சம் கேட்டிருக்கலாம். பட்டத்தைத் துறந்தார், ஹாலந்து பார்க்கின் பெரிய வீட்டைத் துறக்கவில்லை. 1973-ல் 'வெட்ஜ்வுட்' என்ற பகட்டான பாதியை வெட்டி, சும்மா டோனி பென் ஆனார். ஆக்ஸ்போர்டு இங்கிலீஷை எப்படி வெட்டுவது? சாமானியனாக இருப்பதற்கு ரொம்ப மெனக்கெடுகிறவர்களிடம் எனக்கு எப்போதும் ஒரு சின்ன எரிச்சல் உண்டு.

ஆனாலும் நான் பென் கட்சிதான். காரணம், அவர் அதிகாரத்தில் இருப்பவர்களைக் கேட்கச் சொன்ன ஐந்து கேள்விகள். என்ன அதிகாரம் உன்னிடம் இருக்கிறது, எங்கிருந்து வந்தது, யாருக்காக உபயோகிக்கிறாய், யாருக்குப் பதில் சொல்லவேண்டும், கடைசியாக, உன்னை நாங்கள் எப்படி வெளியே அனுப்புவது? ஐந்தாவதுக்குப் பதில் இல்லையென்றால் அது ஜனநாயகம் இல்லை என்பது அவர் கட்சி. தன் பட்டத்தையே அந்தக் கேள்வியில் நிறுத்தி, பதில் இல்லை என்று கண்டு வெளியே வந்தவர் என்பதால் கேட்கத் தகுதி இருக்கிறது.

ஒரு பின்குறிப்பு. அந்தச் சட்டப்படி துறவு ஆயுள்வரைதான். துறந்தவர் இறந்ததும் பட்டம் வாரிசுக்குத் திரும்பிவிடும். 2014-ல் பென் போனார். மூத்த மகன் ஸ்டீபன், வைகவுண்ட் ஸ்டான்ஸ்கேட் ஆனார். 2021-ல் பிரபுக்கள் சபைக்குள்ளும் போய் உட்கார்ந்தார். ஒருத்தர் மனசு வைத்தால் தன் பங்கைத்தான் வேண்டாம் என்று சொல்லமுடியும். நாற்காலி அப்படியேதான் இருக்கும். பட்டத்தை விடுவதற்கு இருபத்திரண்டு நிமிஷம் போதும். நாற்காலியை எடுப்பதற்குத்தான் தலைமுறைகள் ஆகின்றன.