ஜி. எஃப். நியூமனின் திரைநாடகங்களில் கூற்றும் அதிகாரமும்

ஜி. எஃப். நியூமன் பிரித்தானியக் குற்றவியல் நாடக எழுத்தாளர். அவருடைய தொடர்களை அறிந்தோர் பலர்; அவரை அறிந்தோர் சிலரே. ஊழலில் ஊறிய துப்பறிவாளர் ஒருவரை மையமாகக் கொண்ட நாவலை 1970இல் வெளியிட்ட அவர், 1978இல் பி.பி.சி.க்காக எழுதிய 'லா அண்டு ஆர்டர்' என்னும் நான்கு படங்களே அவரது சாதனையின் உச்சம் எனலாம். இதே பெயரில் 1990இல் தொடங்கிய அமெரிக்கத் தொடர் வேறு.

1955 முதல் 1976 வரை ஒளிபரப்பான 'டிக்சன் ஆஃப் டாக் கிரீன்' தொடரில் காவலர் டிக்சன் பார்வையாளரை நேரே விளித்துப் பேசுவார். நிகழ்ந்ததன் பொருளையும் அவரே விளக்குவார். நியூமன் இவ்விளக்குநரை அறவே நீக்கினார். துப்பறிவாளர், குற்றவாளி, வழக்கறிஞர், கைதி என்னும் நான்கு நோக்குநிலைகளில் ஒரே வழக்கு விரிகிறது. செய்யாத கொள்ளைக்காகப் பொய்ச்சான்றுகளால் சிக்கவைக்கப்படும் ஜாக் லின் என்பவன் காவல்துறைக்கு இலக்கு; வழக்கறிஞருக்குக் கட்சிக்காரன்; சிறைக்குக் கைதி. ஆள் ஒருவனே, அவனைச் சுட்டும் சொல் மாறுந்தோறும் அவனுக்குரிய உரிமையும் மாறுகிறது.

நன்னூலார் தகுதிவழக்கில் வைத்த குழூஉக்குறி இங்கு நாடகத்தின் அடிப்படையாகிறது. காவலரும் குற்றவாளிகளும் ஒரே குழூஉக்குறியைப் பகிர்ந்துகொள்கின்றனர். அச்சொற்களுக்கு நியூமன் விளக்கம் தருவதில்லை. எதிரெதிர்த் தரப்பினர் ஒரே மொழிக்குழுவினராய் இருத்தலே அவர்தம் உடன்பாட்டை உணர்த்திவிடுகிறது. காவல்துறையினரும் சிறைத்துறையினரும் கடும் எதிர்ப்புத் தெரிவித்ததற்கு, குற்றச்சாட்டு மட்டுமன்றி, அது இயல்பான அன்றாடப் பேச்சாக ஒலித்ததும் காரணமாகலாம்.

இதன் சமூகப் பொருத்தம் சிறிதன்று. குற்றம் சாட்டப்பட்டவர் கூறாத ஒப்புதலை அவர் வாய்மொழியாக எழுதிவிடும் வழக்கம் அக்காலத்தில் 'வெர்பல்' எனப்பட்டது. 1953இல் தூக்கிலிடப்பட்ட டெரக் பென்ட்லியின் வாக்குமூலத்தை ஆராய்ந்த மொழியியலாளர் மால்கம் கூல்தார்ட், அதில் 'பின்னர்' எனப் பொருள்படும் ஆங்கிலச் சொல் எழுவாய்க்குப் பின் வருதல் காவலரின் நடைக்கு உரியது எனக் காட்டினார். அத்தீர்ப்பு 1998இல் நீக்கப்பட்டது. 1984ஆம் ஆண்டின் காவல், குற்றச்சான்றுச் சட்டத்திற்குப் பின்னரே விசாரணைகளை ஒலிப்பதிவு செய்தல் முறையாக நிலைபெற்றது. ஒருவர் கூற்றை மற்றொருவர் எழுதும்போது பிறக்கும் அதிகாரத்தை நியூமன் அதற்கு முன்பே நாடகமாக்கினார்.

2001 முதல் 2007 வரை ஒளிபரப்பான 'ஜட்ஜ் ஜான் டீட்' தொடரில் நீதிபதி ஒருவரே நாயகர். அமைப்பின் மீதான ஐயம் அங்கும் உண்டு. எனினும் நியாயத்தை எடுத்துரைக்க ஒரு நல்லவர் வந்துவிடுகிறார். முன்பு நீக்கப்பட்ட விளக்குநர் நீதிபதியின் அங்கியில் திரும்புகிறார். பார்வையாளர் பெருகினர், தாமே தீர்ப்பளிக்க வேண்டிய பொறுப்பு மட்டும் அவர்களிடமிருந்து நழுவியது. நியூமனின் வலிமை நீதியைப் பேசவைத்ததில் அன்று. அநீதியை அதன் சொந்த மொழியிலேயே பேசவிட்டதில் உள்ளது.