வில்சன் மகன் எடிசன்: தாமிரபரணிக் கரையில் ஐரோப்பியக் குடும்பப் பெயர்கள்

தாமிரபரணி கடலில் கலக்கிற இடம் புன்னைக்காயல். அந்த ஊரில் தங்கித் தமிழ் படித்து, 1578இல் கொல்லத்தில் 'தம்பிரான் வணக்கம்' நூலை அச்சேற்றிய போர்த்துக்கீசியப் பாதிரியாரை நாம் அண்டிரிக் அடிகளார் என்கிறோம். அவருடைய முழுப்பெயர் என்றிக்கே என்றிக்கஸ். பின்னால் இருக்கிற 'என்றிக்கஸ்', முன்னோர் யாரோ ஒரு என்றிக்கேயின் பிள்ளை என்பதற்கான அடையாளம். போர்த்துக்கல்லில் பெயரோடு 'எஸ்' சேர்ந்தால் மகன். ரொட்ரீகோ மகன் ரொட்ரீகஸ், பெர்னாந்தோ மகன் பெர்னாந்தஸ், கோமே மகன் கோமஸ். ஸ்பெயினில் இதுவே 'எஸ்' ஒலி சற்று மாறி எழுதப்படும், அவ்வளவுதான்.

ஐரோப்பியக் குடும்பப் பெயர்களை ஆராய்கிறவர்கள் எல்லாவற்றையும் நாலு வகைக்குள் அடக்குவார்கள்: தகப்பன் பெயரால் வந்தவை, தொழிலால் வந்தவை, இடத்தால் வந்தவை, பட்டப்பெயராக ஒட்டிக்கொண்டவை. நாலுக்கும் உதாரணம் தேட நாம் லண்டன் போக வேண்டாம். திருநெல்வேலி ஜில்லா சரித்திரமே போதும். 1798இல் கட்டபொம்மனை ராமநாதபுரத்துக்கு வரவழைத்த கலெக்டர் ஜாக்சன், ஜாக்கின் மகன். மறு வருஷம் கயத்தாற்றில் கட்டபொம்மனைத் தூக்கிலிட்ட மேஜர் பானர்மேன், ஸ்காட்லாந்தில் படைக்கு முன்னால் கொடி பிடித்துப் போன குடும்பம். இடையன்குடி கால்டுவெல்லின் பெயர் குளிர்ந்த ஊற்று உள்ள ஊரிலிருந்து வந்தது. தேரிக்காட்டு வெயிலில் ஐம்பது வருஷம் வாழ்ந்த மனிதருக்கு இந்தப் பெயர்! 1911இல் மணியாச்சியில் வாஞ்சிநாதன் சுட்ட ஆஷ், ஆஷ் என்கிற மரத்துக்குப் பக்கத்தில் குடியிருந்தவர் வம்சம். 1778இல் பாளையங்கோட்டையில் கிளாரிந்தாவுக்கு ஞானஸ்நானம் கொடுத்த சுவார்ட்ஸ் ஜெர்மானியர். அந்தப் பெயருக்குக் கறுப்பு என்று பொருள். தலைமுடியோ நிறமோ கறுத்த ஒரு பாட்டனார் இருந்திருப்பார். திருக்குறளை மொழிபெயர்த்த போப்பையர் வம்சத்தில் போப்பாண்டவர் யாரும் இல்லை. கிராமத்து நாடகத்தில் அந்த வேஷம் கட்டியவருக்கோ, அவரைப் போல விறைப்பாக நடந்துகொண்டவருக்கோ ஊர் வைத்த கேலிப் பெயர் அது. கிங், பிஷப் என்ற பெயர்களில் பலவும் இப்படித்தான்.

தொழிற்பெயர்களுக்கு வந்தால் மேலப்பாளையத்துக்காரர் கொஞ்சம் நிமிர்ந்து உட்காரலாம். நம்முடையது தறி ஓடிய ஊர். பக்கத்துப் பாளையங்கோட்டையில் சாரா டக்கர் கல்லூரி இருக்கிறது. சாரா டக்கர் அம்மையார் இந்தியாவுக்கு வந்ததே இல்லை. சென்னையில் மிஷன் வேலையில் இருந்த சகோதரர் மூலம் இங்குள்ள பெண்களின் நிலையைக் கேட்டறிந்து பணம் திரட்டியவர். 'டக்கர்' என்பவர் யார்? தறியிலிருந்து இறங்கிய கம்பளித் துணியைத் தண்ணீரில் ஊறவைத்து, மிதித்து, அடித்து, இறுக்கிக் கொடுப்பவர். இதே வேலைக்காரருக்கு இங்கிலாந்தின் தென்மேற்கில் டக்கர், தென்கிழக்கில் புல்லர், வடக்கே வாக்கர். வாக்கர் என்றால் நடந்துகொண்டே இருந்தவர் என்று நினைக்க வேண்டாம். தொட்டியில் நின்று காலால் துணியை மிதித்தவர். நெய்தவர் வெப், வெப்ஸ்டர். சாயம் போட்டவர் டயர், லிஸ்டர். வெப்ஸ்டரில் உள்ள 'ஸ்டர்' ஆதியில் பெண்பால் விகுதி. அகராதி போட்ட வெப்ஸ்டரின் குலப்பெயர் ஒரு நெசவுக்காரியின் தொழிலைச் சுமக்கிறது. ஜெர்மனியில் வேபர், பிரான்ஸில் திசேரான், ஹங்கேரியில் தகாச், உக்ரைனில் த்காச். ஐரோப்பாவின் எந்த மூலைக்குப் போனாலும் டெலிபோன் புத்தகத்தில் நெசவாளி இருப்பார். கொல்லனுக்கு அவரைவிட அதிக இடம்: ஸ்மித், ஷ்மிட், பெராரி, கொவாச், குஸ்னெத்சோவ்.

இதையெல்லாம் கேட்டுவிட்டு, 'வெள்ளைக்காரனுக்குத்தான் இப்படியெல்லாம் தோன்றும்' என்று சொல்கிறவர்கள் சங்கப் புலவர் பட்டியலை ஒருமுறை புரட்ட வேண்டும். மதுரைக் கணக்காயனார் மகனார் நக்கீரனார்: ஊர், தகப்பனார், அவர் தொழில் மூன்றும் சேர்ந்து ஒரே பெயர். மதுரை அறுவை வாணிகன் இளவேட்டனார் துணி வியாபாரி. தங்கால் பொற்கொல்லனார் தட்டார். நரைமுடி நெட்டையார் என்று ஒருவர். உருவம் கண்முன் வருகிறது. அரபு மரபிலும் இதே கதைதான். இப்னு வைத்தால் தகப்பன் வழி, புகாரி என்றால் புகாரா ஊர், கய்யாம் என்றால் கூடாரம் தைப்பவர், நஸ்ஸாஜ் என்றால் நெசவாளி. இமாம் கஸ்ஸாலியின் பெயரில் ஒரு பழைய வழக்கு உண்டு. 'ஸ' அழுத்தி இரட்டித்தால் நூல் நூற்பவர் குடும்பம், ஒற்றையாக விட்டால் கஸாலா என்கிற ஊர். இரண்டு கட்சிக்கும் ஆள் இருந்தார்கள்.

ஆக ஊற்று எங்கும் ஒன்றே. எங்கே பிரிகிறது என்றால், பட்டப்பெயர் எந்தத் தலைமுறையில் உறைந்து பரம்பரைச் சொத்தானது என்பதில். அதைச் செய்தது பெரும்பாலும் ஜனங்கள் அல்ல, ரிஜிஸ்டர் புத்தகம். இங்கிலாந்தில் 1066இல் நார்மன்கள் வந்தபின் மெல்லத் தொடங்கி, 1400 வாக்கில் பெரும்பாலோருக்குக் குடும்பப் பெயர் நிலைத்துவிட்டது. 1538 முதல் கோயில் பதிவேடு கட்டாயம். பிரான்ஸில் 1539. நெதர்லாந்தில் நெப்போலியன் 1811இல் உத்தரவு போட்டான். டென்மார்க்கில் பிரபுக்களுக்கு 1526இலேயே கட்டளை, குடியானவர்களுக்கு 1828இல்தான். அதுவரை ஜென்ஸ் மகன் நீல்ஸ் 'ஜென்சன்'. அவன் மகன் 'நீல்சன்' என்று தலைமுறைக்குத் தலைமுறை மாறிக்கொண்டிருந்தது. உத்தரவு வந்ததும் அவரவர் இருந்த இடத்தில் உறைந்துபோனார்கள். இன்றும் டென்மார்க்கில் கல் எறிந்தால் ஒரு நீல்சன் மேலோ ஹான்சன் மேலோ விழும். துருக்கியில் இது 1934இல் நடந்தது. முஸ்தபா கமால் அத்தாத்துர்க் ஆனது அந்தச் சட்டத்தைத் தொடர்ந்துதான். ஐஸ்லாந்து மட்டும் மசியவில்லை. புதிதாகக் குடும்பப் பெயர் சூட்டிக்கொள்வதையே 1925இல் தடை செய்துவிட்டது. அங்கே இன்னமும் தகப்பன் பெயரோடு மகனுக்கு 'சொன்', மகளுக்கு 'தோத்திர்'. டெலிபோன் புத்தகம்கூட சொந்தப் பெயர் வரிசையில்தான் இருந்தது. நம் இனிஷியல் மரபுக்கு ஐரோப்பாவில் உடன்பிறப்பு யார் என்று கேட்டால் அந்தப் பனித்தீவைத்தான் கைகாட்ட வேண்டும்.

இனி நம் ஆற்றங்கரை. ஐரோப்பியப் பெயர் இங்கே இரண்டு வழியாக வந்தது. இரண்டும் இரண்டு விதமாக வளர்ந்தன.

முதல் வழி கடல். 1530களில் முத்துக்குளித்துறைப் பரதவர் போர்த்துக்கீசியரின் பாதுகாப்பைத் தேடி ஞானஸ்நானம் பெற்றார்கள். தொட்டு நின்ற ஞானத்தகப்பன் யாரோ அவர் பெயர் பிள்ளைக்கு. 1542இல் பிரான்சிஸ் சேவியர் வந்து சேர்ந்தார். நாம் சவேரியார் என்கிற பெயர் அவருடைய தகப்பன் பெயரல்ல. தகப்பனார் ஹுவான் தெ ஹாசோ. சேவியர் என்பது தாய்வழியில் வந்த கோட்டையின் பெயர். பாஸ்க் மொழியில் புதுவீடு என்று அர்த்தம். தெற்கே 'புதுவீட்டுக்காரர்' என்று குடும்பங்களைக் கூப்பிடுகிறோமே, அதே சங்கதி. ஸ்பெயினின் பெரிய வீடுகளில்கூட அந்தக் காலத்தில் அண்ணன் தம்பிக்கு வெவ்வேறு குலப்பெயர் இருந்தது என்பதற்கு அவர் குடும்பமே சாட்சி.

உவரி முதல் வேம்பார் வரை அந்தப் பெயர்கள் இன்றும் பரம்பரையாக ஓடுகின்றன: பர்னாந்து, மோத்தா, ரோச், மச்சாடு, பெரைரா, கர்வாலோ, கோஸ்தா, மிராந்தா, டி குரூஸ். பெரைரா என்றால் பேரிமரம், கர்வாலோ கருவாலி மரம், மச்சாடு கோடாலி, ரோச் பாறை. பனையும் உடையும் தவிர வேறு மரம் கண்ணில் படாத மணற்கரையில் பேரியும் கருவாலியும் பெயரில் மட்டும் வளர்கின்றன. போர்த்துக்கல்லில் பெர்னாந்தோ என்பது முன்பெயர், பெர்னாந்தஸ்தான் குடும்பப் பெயர். தூத்துக்குடியிலும் கொழும்பிலும் பெர்னாந்தோவே குடும்பப் பெயராகிவிட்டது. அதுவும் வாய்வழக்கில் பர்னாந்து. தூத்துக்குடி நகரசபைத் தலைவராக இருந்து, 1927இல் வல்லநாட்டிலிருந்து தாமிரபரணித் தண்ணீரை ஊருக்குக் கொண்டுபோன ராவ் பகதூர் குரூஸ் பர்னாந்து பெயரை அங்கே குழந்தையும் சொல்லும். 1923இல் தூத்துக்குடி ஆயரான திபூர்சியுஸ் ரோச், 'ஆழி சூழ் உலகு' எழுதிய ஜோ டி குரூஸ் எல்லாம் இந்த வழியைச் சேர்ந்தவர்கள். பழைய பட்டங்களும் கூடவே தொலையாமல் இருக்கின்றன. வில்லவராயரும் பூபாலராயரும் பர்னாந்துகளோடு ஒரே தெருவில் இருக்கிறார்கள்.

இரண்டாவது வழி, மேட்டு நிலத்து மிஷன். இங்கே இங்கிலீஷ், ஜெர்மன் பெயர்கள் ஏராளமாக வந்தன. ஆனால் வந்த வேகத்தில் வேலை மாறிவிட்டன. ஐரோப்பாவில் பின்னால் நின்றது இங்கே முன்னால் வந்தது. கால்டுவெல், நெல்சன், கிளாட்ஸ்டன், வில்சன், ஜான்சன், எடிசன் எல்லாமே குடும்பப் பெயர்கள். நாசரேத்திலும் மெஞ்ஞானபுரத்திலும் அவை பிள்ளைக்கு இடுகிற பெயர். வில்சன் என்றால் வில்லின் மகன். நம்மூர் வில்சன் பொன்னையா மகன். அவர் மகன் வி. எடிசன், பேரன் எ. ஜெபராஜ். ஆங்கிலேயன் ஐந்நூறு வருஷம் கட்டிக் காத்த பரம்பரைப் பெயரைத் தெற்கத்திக்காரர் ஒரே தலைமுறையில் இனிஷியலாகச் சுருக்கி, அடுத்த தலைமுறையில் கழற்றியும் வைத்துவிட்டார். இதை நான் குறையாகச் சொல்லவில்லை. பழைய சட்டத்தில் புதுப் படத்தை மாட்டிய சாமர்த்தியம்தான். 1929இல் செங்கல்பட்டு சுயமரியாதை மாநாடு சாதிப் பட்டத்தை விடச் சொல்லித் தீர்மானம் போட்டபின், பெயருக்குப் பின்னால் எதுவுமே வேண்டாம் என்கிற பழக்கம் தமிழ்நாடு முழுக்கப் படிந்தது. இனிஷியல் ஒன்றே மிச்சம்.

பெயர் ஊரான கதையும் உண்டு. சாயர்புரம் என்றதும் நெசவு ஊர்க்காரனுக்குச் சாயப்பட்டறை நினைவு வரும். அங்கே சாயமும் இல்லை, பட்டறையும் இல்லை. கிறிஸ்தவர்கள் குடியேற நிலம் வாங்கிக் கொடுத்த சாமுவேல் சாயர் பெயரால் அமைந்த ஊர். சாயர் என்பவர் மரம் அறுக்கிறவர்.

இந்த இடத்தில் தராதரம் பற்றிச் சொல்லிவிட வேண்டும். காதுக்குக் கேட்டபடி பொருள் சொல்வது இத்துறையில் முதல் குற்றம். 1605இல் காம்டன் ஆங்கிலப் பெயர்களைப் பற்றி எழுதிய நாளிலிருந்து ஊகம்தான் அதிகம். ரீனி என்பவர் 1958இல் வெளியிட்ட அகராதிதான் கட்டுப்பாட்டைக் கொண்டுவந்தது: வரிப் பட்டியலிலும் கோயில் பதிவிலும் அந்தப் பெயர் முதன்முதலாக எந்த வருஷம், எந்த ஊரில், எந்த எழுத்தில் வருகிறது என்று காட்டாமல் பொருள் சொல்லக்கூடாது. பிரான்ஸில் தோசா, போர்த்துக்கல்லில் லெய்த்தே தெ வாஸ்கொன்செலோஸ் இதே ஒழுங்கில் போனவர்கள். 2016இல் வந்த ஆக்ஸ்போர்டு அகராதி இன்னொரு படி ஏறி, 1881 குடிக்கணக்கை வைத்துப் பெயர் எந்த ஜில்லாவில் செறிந்திருக்கிறது என்று பார்த்தது. பெரைரா, கர்வாலோ போன்ற மரப்பெயர் வைத்திருப்பவர்கள் மதம் மாறிய யூதர்கள் என்று ஒரு நம்பிக்கை உலகமெங்கும் சுற்றுகிறது. பழைய கிறிஸ்தவக் குடும்பங்களும் அதே மரங்களின் பெயரை வைத்திருந்தன என்று பதிவேடுகள் காட்டுகின்றன. அதனால் பெயரை வைத்து வம்சம் சொல்வது நிற்காது. பணம் வாங்கிக்கொண்டு குலச் சின்னம் வரைந்து கொடுக்கிற கடைகளைப் பற்றிப் பேசவே வேண்டாம்.

மேலப்பாளையம் இந்த இரண்டு வழியிலும் சேராதது. இங்கே ஒரு நிக்காஹ் அழைப்பிதழைக் கையில் எடுத்துப் பாருங்கள். மேலே 786. அடுத்து மர்ஹூம் இன்னார் அவர்களின் பேரனும், ஜனாப் இன்னார் அவர்களின் மகனுமாகிய மணமகன். பெண் பக்கமும் அப்படியே. ஒவ்வொரு பெயருக்கு முன்னாலும் இரண்டு மூன்று எழுத்து. ஐரோப்பியன் ஒரு சொல்லில் அடைத்ததை இங்கே மூன்று தலைமுறையாக விரித்து அச்சடிக்கிறோம். ஆனால் பெயர்கள் கொஞ்சம். மைதீன், சாகுல் ஹமீது, காதர், மீரான், பீர் முஹம்மது என்று வலிமார் பெயரே திரும்பத் திரும்ப வரும். ஒரு தெருவில் நாலு மைதீன் இருந்தால் தபால்காரர் என்ன செய்வார்? அங்கேதான் வீட்டுப் பெயரும் பட்டப்பெயரும் வேலைக்கு வருகின்றன. தொழில், உருவம், முன்னோர் இருந்த ஊர், பாட்டனார் அடிக்கடி சொன்ன ஒரு சொல்கூட. தேங்காய்ப்பட்டணத்திலிருந்து வந்து நெல்லையில் வாழ்ந்து மறைந்த தோப்பில் முஹம்மது மீரானுக்கு முன்னால் நிற்கிற தோப்பு அப்படியொரு வீட்டுப் பெயர்தான். சில பட்டப்பெயர்களைக் குடும்பத்தார் முன்னிலையில் சொல்ல மாட்டோம். அவை எந்தப் பதிவேட்டிலும் ஏறாதவை. 1300களில் ஒரு ஆங்கிலக் கிராமம் இருந்த நிலை ஏறக்குறைய இது.

பதிவேடு இப்போது வேறு உருவத்தில் வருகிறது. பாஸ்போர்ட் படிவத்தில் குடும்பப் பெயருக்கு ஒரு கட்டம் உண்டு. நம் ஆட்கள் அதை வெறுமையாக விட்டுத்தான் வளைகுடா போய்வந்தார்கள். 2022 நவம்பரில் ஐக்கிய அரபு எமிரேட்ஸ், ஒற்றைப் பெயர் மட்டும் உள்ள பாஸ்போர்ட்டில் சுற்றுலாவாக வருகிறவர்களை ஏற்க முடியாது என்று அறிவித்ததும் டிராவல்ஸ் ஆபீஸ்களில் ஒரே அமளி. கடைசிப் பக்கத்தில் தகப்பன் பெயர் இருந்தால் போதும் என்று பிறகு தணிந்தது. அதன்பின் தகப்பன் பெயரையே அந்தக் கட்டத்தில் எழுதுவது கூடிவிட்டது. இதனால் ஒரே வீட்டில் தகப்பனுக்கு ஒரு குடும்பப் பெயர், மகனுக்கு இன்னொன்று.

துபாயில் இருக்கும்வரை இது பெரிய விஷயமில்லை. லண்டனிலோ ஆஸ்லோவிலோ டொரன்டோவிலோ பிள்ளை பிறந்தால் கதை மாறுகிறது. ஆஸ்பத்திரியில் தகப்பனின் கடைசிப் பெயரைப் பிள்ளைக்கும் எழுதிவிடுகிறார்கள். யாழ்ப்பாணத்திலிருந்து போன குடும்பங்களில் இது ஏற்கெனவே நடந்து முடிந்துவிட்டது. ஊரில் வெறும் தாத்தா பெயராக இருந்த சிவலிங்கமும் பாலசுப்பிரமணியமும் அங்கே மூன்றாம் தலைமுறைப் பேத்திக்கும் குலப்பெயர். 1828இல் டென்மார்க்கில் நீல்சனுக்கு நேர்ந்தது இன்று நம் மைதீனுக்கு நேர்ந்துகொண்டிருக்கிறது. பிராங்பர்ட்டில் படிக்கிற ஒரு பையனின் பள்ளி வருகைப் பட்டியலில் அவன் பெயருக்குப் பின்னால் மைதீன் என்று இருக்கும். அவன் பிள்ளைக்கும் அதுவே தொடரும். அந்த மைதீன் யார், எந்தத் தெரு, தறி வைத்திருந்தாரா பீடி இலைக்குப் போனாரா என்பதை எழுதிவைக்க வேண்டிய ஆட்கள், இந்த மலரை வாசிக்கிற வயதில் உள்ளவர்கள்தான்.