‘இடைக்கால ஆணை’: ஒரு சொல்லாட்சி குறித்த திறனாய்வு

உரிமையியல் வழக்கொன்று தீர்ப்பை எட்டுமுன் நீதிமன்றம் பல ஆணைகளைப் பிறப்பிக்கிறது. ஆவணங்களைக் காட்டுமாறும், மனுவைத் திருத்துமாறும், குறித்த நாளுக்குள் எதிருரை தருமாறும் அது பணிக்கலாம். இவையனைத்தையும் ‘இடைக்கால ஆணை’ என ஒரே தொடரால் குறிப்பது தமிழில் பெருவழக்காக உள்ளது. இச்சொல்லாட்சி பொருளைத் திரிக்கிறது என்பதே இக்கட்டுரையின் கருத்து.

‘இடைக்காலம்’ என்பது கால அளவைச் சுட்டுவது. விசாரணை முடியும்வரை ஒரு செயலைத் தடுத்துவைக்கும் ஆணைக்கு அது முற்றும் பொருந்தும். மேல்முறையீட்டில் எழும் வினாவோ ஆணையின் விளைவைப் பற்றியது. 1903ஆம் ஆண்டு பாஸ்சன் வழக்கில் இங்கிலாந்து மேல்முறையீட்டு நீதிமன்றம், பிறப்பிக்கப்பட்ட ஆணை வழக்காளிகளின் உரிமைகளை இறுதியாகத் தீர்த்துவிடுகிறதா என்று வினவியது. அவ்வளவுகோலைச் சிங்கப்பூர் நீதிமன்றங்களும் ஏற்றுக்கொண்டன.

சிராங்கூன் சாலைக் கடையொன்றைப் பற்றி 250,000 வெள்ளிக்கு மேற்பட்ட வழக்கொன்று உயர் நீதிமன்றத்தின் பொதுப்பிரிவுக்கு வருவதாகக் கொள்வோம். வழக்குரையைத் தொடக்கத்திலேயே நீக்கிவிடுமாறு எதிர்வாதி விண்ணப்பிக்கிறார். நீதிபதி மறுத்தால் வழக்கு தொடரும். அம்மறுப்பை எதிர்த்து மேல்முறையீடு செய்ய உச்ச நீதிமன்றச் சட்டத்தின் 4ஆம் அட்டவணை இடந்தருவதில்லை. நீக்கிவிட்டாலோ வாதியின் வழக்கு அன்றே முடிகிறது. விளைவால் இத்துணை வேறுபட்ட இரண்டையும் ‘இடைக்கால ஆணை’ என்று மொழிபெயர்ப்பது எங்ஙனம் பொருந்தும்?

தமிழகத்திலிருந்து பெறும் ‘சீராய்வு மனு’ என்னும் சொல்லையும் எச்சரிக்கையுடன் கையாளவேண்டும். அது இந்திய உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 115ஆம் பிரிவைச் சார்ந்தது. 2002 ஜூலை 1 முதல் நடப்புக்கு வந்த திருத்தம் அதன் எல்லையைச் சுருக்கியது. மனுதாரர் வேண்டியவாறு ஆணை அமைந்திருந்தால் வழக்கே முடிந்திருக்கும் என்ற நிலையில்தான் உயர் நீதிமன்றம் அப்பிரிவின்கீழ்த் தலையிடலாம். சிங்கப்பூரில் இத்தகைய ஆணைகள் பலவற்றுக்கு முன் அனுமதி பெற்றே மேல்முறையீடு செய்ய இயலும். இரண்டும் தாமதத்தைத் தவிர்க்க எழுந்தவை; எனினும் வழிகள் வேறு.

நுண்ணிய வேறுபாடுகளைச் சுட்டும் ஆற்றல் தமிழுக்கு இல்லை என்பார் சேக்கிழாரை நோக்குக. தடுத்தாட்கொண்ட புராணத்தில் நம்பியாரூரர் கிழித்தெறிந்தது படியோலை. வெண்ணெய்நல்லூர் அவையில் முதியவர் காட்டியது மூலவோலை. ‘ஓலை’ என்ற பொதுச்சொல் ஒன்றே இருந்திருப்பின், மணப்பந்தலிலேயே அவ்வழக்கு முடிந்திருக்கும்.

சிங்கப்பூரில் நீதிமன்ற மொழி ஆங்கிலமாதலால் இக்குறை பெரிதன்று எனச் சிலர் கருதலாம். ஆங்கிலம் அறியாத வழக்காளி தம் நிலையை மொழிபெயர்ப்பின் வழியாகவே அறிகிறார். ‘இடைக்கால’ என்று கேட்டவர் அவ்வாணை தானே காலாவதியாகும் என எண்ணி மேல்முறையீட்டுக் கெடுவைத் தவறவிடக்கூடும்.

ஆதலின், தற்காலிக ஆணைகளுக்கு மட்டும் ‘இடைக்கால ஆணை’ என்பதையும், வழக்கை நடத்திச்செல்லும் ஆணைகளுக்கு ‘வழக்கிடை ஆணை’ என்பதையும், உரிமையை முடிப்பனவற்றுக்கு ‘முடிவாணை’ என்பதையும் வழங்கலாம். மொழிபெயர்ப்புப் பயிற்சியில் ஆசிரியர்கள் இம்மூன்றையும் பிரித்துக் கற்பித்தல் நலம்.