பூட்ஸைக் கழற்றிவிட்டு வாருங்கள்

காதலி மேடலினைப் பார்க்க பாஸ்டனிலிருந்து குதிரையில் வந்து இறங்குகிறான் பிலிப். கதவைத் திறக்கும் கிழப் பணியாள் பிரிஸ்டல், அவனை மேலே அழைத்துப் போகுமுன் பூட்ஸைக் கழற்றச் சொல்லி, மெத்தென்ற செருப்பு ஒரு ஜோடியைத் தருகிறார். வந்தவன் முகம் சுளித்தபடி மாற்றிக்கொள்கிறான். அதற்குப் பிறகு அந்த வீட்டில் யார் நடந்தாலும் காலடியைக் கவனிக்கத் தொடங்கிவிடுகிறோம். ஒரு ஜோடிச் செருப்பைக் கொண்டே பார்க்கிறவரின் காதைத் தீட்டிவிடுகிறார் இயக்குநர் ரோஜர் கார்மன்.

எட்கர் ஆலன் போ 1839இல் எழுதிய அஷர் மாளிகைக் கதையைக் கார்மன் 1960இல் 'ஹவுஸ் ஆஃப் அஷர்' என்று படமாக்கினார். பத்து நாளில் ஒன்று என்று கறுப்பு வெள்ளைப் படங்களை எடுத்து, இரண்டிரண்டாகச் சேர்த்துத் திரையிட்டு வந்த நிறுவனம் அமெரிக்கன் இன்டர்நேஷனல் பிக்சர்ஸ். அவர்களை இணங்கவைத்து, 15 நாளில், சுமார் 3 லட்சம் டாலரில், வண்ணத்தில், சினிமாஸ்கோப்பில் ஒரே படமாக எடுத்தார். இதில் அரக்கன் எங்கே என்று கேட்டவர்களிடம், வீடுதான் அரக்கன் என்றாராம். பணம் வாங்குவதற்காகச் சொன்ன பதிலாக இருந்தாலும், படம் முழுக்க அந்தச் சொல்லைக் காப்பாற்றியிருக்கிறார்.

தொடக்கத்தில் பிலிப் கடந்துவரும் காட்டைப் பாருங்கள். சாம்பல் பூத்த மண், கரிக்கட்டையாக நிற்கும் மரங்கள், ஒரு பச்சை இலைகூட இல்லை. ஹாலிவுட் குன்றுகளில் அப்போது காட்டுத்தீ பற்றி அடங்கியிருந்தது. செய்தி அறிந்ததும் கார்மன் நடிகரையும் கேமராவையும் கூட்டிக்கொண்டு அங்கே போய்விட்டார். எந்தக் கலை இயக்குநராலும் அந்தக் கரியைப் பூசியிருக்க முடியாது. உள்ளே நுழைந்த பிறகோ, பெரிய ஸ்டுடியோக்களில் கிடந்த பழைய அரங்கத் துண்டுகளை கலை இயக்குநர் டேனியல் ஹாலர் ஒட்டவைத்துக் கட்டிய மாளிகை. 1931இல் 'டாபு' படத்துக்காக ஆஸ்கர் வாங்கிய ஃபிளாய்ட் கிராஸ்பியின் கேமரா மெழுகுவர்த்திகளையும் நாற்காலி முதுகுகளையும் உரசினாற்போல் நகர்ந்து போகும்போது, ஹாலர் கட்டியதைவிட அந்த வீடு பலமடங்கு பெரிதாகிவிடுகிறது.

படத்தின் உயிர் வின்சென்ட் பிரைஸ். ரோடெரிக் அஷராகக் கதவைத் திறந்துகொண்டு வெளிப்படும்போது வெளுத்த தலைமுடி, மழித்த முகம், சிவப்பு அங்கி. பிலிப் கொஞ்சம் குரலை உயர்த்தியதுமே சூடு பட்டவர்போல் துடிக்கிறார். உப்புச் சப்பில்லாத உணவு தவிர எதுவும் இறங்காது, மென்மையான துணி தவிர எதுவும் உடலில் தங்காது, மங்கிய வெளிச்சத்துக்கு மேல் கண் தாங்காது. கல் சுவருக்குள் எலி நகங்கள் பிறாண்டுவதுகூடத் தன் காதில் விழுகிறது என்கிறார். பூட்ஸைக் கழற்றச் சொன்னதற்குக் காரணம் இப்போது புரிகிறது. பிரைஸ் இதை மெல்லிய குரலில், ஒவ்வொரு சொல்லையும் எடைபார்த்து வைப்பவர்போலச் சொல்கிறார். பேசும்போதே தன் குரல் தன்னையே வலிக்கச் செய்கிறது என்பது முகத்தில் தெரிகிறது. பயங்காட்டும் நடிகர் என்று மட்டுமே அவரை நினைத்திருப்பவர்கள் இந்த ஒரு காட்சியையாவது பார்க்க வேண்டும்.

சுவரில் தொங்கும் மூதாதையர் படங்களும் அருமை. பர்ட் ஷான்பர்க் வரைந்தவை. 19ஆம் நூற்றாண்டு வீட்டில் நவீன ஓவியமா என்று காலக்கணக்குப் பார்த்தால் இடிக்கும். ஆனால் ரோடெரிக் ஒவ்வொரு படமாகக் காட்டி இவன் திருடன், இவன் கள்ளக் கையெழுத்துக்காரன், இவள் கொலைகாரி என்று சொல்லிக்கொண்டு வரும்போது, கோணிப்போன அந்த முகங்களை அவர் கண் வழியாகத்தான் நாம் பார்க்கிறோம்.

போவின் கதையில் வருகிறவன் ரோடெரிக்கின் பால்ய நண்பன். திரைக்கதை எழுதிய ரிச்சர்ட் மாத்திசன் அவனை மேடலினின் காதலனாக்கிவிட்டார். மூலத்தில் இருந்த புதிர் இதனால் கொஞ்சம் வெளுக்கிறது; அதை நான் மறுக்கவில்லை. அதற்கு ஈடாகப் படத்தின் ஆகச் சிறந்த கணம் கிடைக்கிறது. சவப்பெட்டியில் மேடலின். அருகே பிலிப் துக்கத்தில் தலைகுனிந்திருக்கிறான். அவள் விரல் அசைகிறது. ரோடெரிக் பார்த்துவிடுகிறார், நாமும் பார்த்துவிடுகிறோம். அவர் அவசரமாக மூடியைச் சாத்துகிறார். ஒரு விரல், ஒரு பலகை. இதற்கு எவ்வளவு செலவாகியிருக்கும்? சுவருக்குள் எலியைக் கேட்கிறவருக்கு, இனி அந்தப் பெட்டிக்குள் நடப்பதெல்லாம் கேட்டுக்கொண்டேதான் இருக்கும் என்று நமக்குத் தெரியும். பாவம், பிலிப்புக்கு மட்டும் தெரியாது. பிலிப்பாக வரும் மார்க் டேமனின் நடிப்பு தட்டைதான். இந்த இடத்தில் அந்தத் தட்டையும் பொருந்திப்போகிறது.

மூலக்கதையில் வீடு பிளந்து குட்டையில் சரியும், நெருப்பு கிடையாது. படத்தில் வீடு எரிந்துகொண்டே அமிழ்கிறது. கலிஃபோர்னியாவின் ஆரஞ்ச் கவுன்டியில் இடிக்கவிருந்த பழைய களஞ்சியக் கொட்டகை ஒன்றை இரவில் கொளுத்தி எடுத்த காட்சி அது. தீப்பற்றிய உத்தரங்கள் கேமராவை நோக்கி விழுவது அத்தனை அழகாக அமைந்துவிட்டதால், பின்னால் வந்த போ படங்களிலும் கார்மன் அதையே எடுத்து ஒட்டினார். 1964இல் வந்த 'தி டூம் ஆஃப் லைஜியா'வின் முடிவிலும் அந்த உத்தரங்கள் எரிகின்றன. முன்பே பார்த்ததாயிற்றே என்று ஒருபோதும் எனக்குத் தோன்றியதில்லை. நெருப்பு பிடித்ததும் அவை எந்தப் பக்கமிருந்து விழும் என்று ஆவலோடு காத்திருக்கிறேன்.