சாவா மருந்தும் ஈகையும்

பொதியில் மலையில் தோன்றிப் பாபநாசத்தில் சமவெளியை அடைந்து, நெல்லை நாட்டை வளப்படுத்திப் புன்னைக்காயலுக்கு அருகே கடலொடு கலப்பது தண்பொருநை. அதன் கரையில் வாழ்வோர்க்கு மூலிகைக் கதைகள் புதியன அல்ல. உண்டாரை மூவாது காக்கும் பச்சிலை அகத்தியர் மலையில் உண்டு என்பர். குற்றாலத்து அருவிநீர் மூலிகைகளைத் தழுவி வருதலின் நோய் தீர்க்கும் என்பர். இத்தகைய மருந்துகளை இலக்கியத்தில் காணுங்கால் ஆராய்வார் இருவேறு வழியில் செல்கின்றனர். ஒரு சாரார் அஃது எந்தச் செடி எனத் தேடுவர். மற்றொரு சாரார் வெறுங் கற்பனை எனத் தள்ளுவர். இரு சாராரும் செடியையே நோக்குகின்றனர். புலவர் நோக்கியது யாது என்னும் வினாவை எழுப்புவதே இக்கட்டுரையின் நோக்கம்.

சாவா மருந்து பற்றிய தமிழ்ச் சான்றுகளுள் பெரிதும் அறியப்பட்டது புறநானூற்றின் 91ஆம் பாட்டு. தகடூர் அதியமான் தனக்கு நெல்லிக்கனி அளித்ததை ஔவையார் அதில் பாடுகின்றார். அக்கனியைக் கருநெல்லி என்று கூறுவது இன்று பெருவழக்கு. ஆனால் பாட்டில் கருமை என்னும் அடையே இல்லை. பெரிய மலையின் பிளவு, ஏறுதற்கரிய உச்சி, சிறிய இலை, இனிய கனி என்பனவே கூறப்படுகின்றன. அதே செய்தியைக் கூறும் சிறுபாணாற்றுப்படையும் அமிழ்தின் தன்மை விளைந்த கனி என்று சிறப்பிக்கின்றதேயன்றிக் கருமையைக் கூறவில்லை. நிறத்தைக் கொண்டு செடியை அடையாளங்காண முயல்வோர் பாட்டில் இல்லாத ஒன்றின்மேல் கட்டடம் எழுப்புகின்றனர்.

பாட்டில் உள்ளது யாது? கனியின் பயனை அதியமான் தன் உள்ளத்தே அடக்கிக்கொண்டான் என்பது உள்ளது. பயனைக் கூறியிருப்பின் ஔவையார் உண்ண இசைந்திரார் என்பது கருதத்தகும். எனவே பாட்டின் வியப்பு மருந்தின் ஆற்றலில் இல்லை. அதனை மறைத்த வாயில் உள்ளது. அவனை நெடிது வாழ்க என வாழ்த்தும் புலவர், நீலமணி போன்ற மிடறுடைய இறைவனை உவமை கூறுகின்றார். நிலைபேறுடைய தெய்வம் என்பதற்காக மட்டும் இவ்வுவமை வந்தது எனல் போதாது. அமிழ்தைப் பிறர்க்கு விட்டு நஞ்சைத் தான் கொண்டவன் அவ்விறைவன். சாவாமையைப் பிறர்க்கு ஈந்து சாவைத் தனக்கென வைத்துக்கொண்ட மன்னனுக்கு இதனினும் பொருந்திய உவமை வேறில்லை.

இவ்வாழ்த்து நிறைவேறவில்லை. புறநானூற்றின் 231, 232, 235ஆம் பாட்டுகள் அதியமான் இறந்தபின் ஔவையார் பாடிய கையறுநிலைகள். இவற்றை 91ஆம் பாட்டோடு ஒருங்கு வைத்துக் கற்றல் வேண்டும். கனியை ஈந்தவன் நடுகல்லாயினான். உண்டவர் இருந்து அழுதார். தொகை நூல் இதனை எங்கும் விளக்கிக் கூறவில்லை, கற்பார்க்கே விட்டுவிடுகின்றது.

இக்கருத்து ஒரு பாட்டின் அளவில் நிற்பதன்று. தண்பொருநை கடல்புகும் பகுதியிலமைந்த கொற்கைத் துறை பாண்டியர்க்குரியது. அக்குடியினனாகிய கடலுள் மாய்ந்த இளம்பெருவழுதி, இந்திரனுக்குரிய அமிழ்தமே கிட்டினும் தனித்து உண்ணாதவர் இருத்தலால்தான் இவ்வுலகம் நிலைபெறுகின்றது என்கின்றான் (புறநானூறு 182). திருவள்ளுவர் 82ஆம் குறளில், விருந்தினர் புறத்தே நிற்கத் தான் மட்டும் உண்பது சாவா மருந்தேயாயினும் விரும்பத்தக்கதன்று என்கின்றார். மூவரும் மருந்து உண்டோ இல்லையோ என்று ஆராயவில்லை. உண்டு என வைத்துக்கொண்டு, பெற்றவன் என் செய்வான் என்றே வினவுகின்றனர்.

பிற்காலத்தில் இவ்வினா எவ்வாறு மாறிற்று என்பதற்குப் பொதியிலை அடுத்த குற்றாலத்திலேயே சான்று உண்டு. மேலகரம் திரிகூடராசப்பக் கவிராயரின் குற்றாலக் குறவஞ்சியில், சித்தர் காயசித்தி விளைக்கும் இடமாகத் திரிகூடமலை பேசப்படுகின்றது. அந்நூலிலேயே, காணாமற்போன சிங்கியைக் காட்டினால் மாயப்பொடிகள் தருவதாகச் சிங்கன் நூவனிடம் கூறுகின்றான். மருந்து ஈண்டு ஈகைப்பொருள் அன்று, கைம்மாறு. பிறரை மயக்கும் பொடியுடையான் தன் மனைவியைத் தேடித் தெருத்தெருவாக அலைகின்றான். மருந்து பண்டமானபோது புலவர் அதனை நகைச்சுவைக்கு உரியதாக்கிவிட்டார்.

அகத்தியர் மலையில் இக்காலத்து நிகழ்ந்த ஒன்றும் ஈண்டு ஒப்புநோக்கத்தக்கது. 1987இல் அம்மலைக்குச் சென்ற அறிவியலாளர், தம்முடன் வந்த காணிக்காரர் ஒரு காயை உண்டு சோர்வின்றி நடப்பதைக் கண்டனர். தாமும் உண்டு பயன் அறிந்தனர். செடியைக் காட்டக் காணிக்காரர் முதலில் தயங்கினர், பின்னர்க் காட்டினர். அதுவே ஆரோக்கியப்பச்சை. அதிலிருந்து பாலோட்டிலுள்ள வெப்பமண்டலத் தாவரத் தோட்ட ஆராய்ச்சி நிறுவனம் 'ஜீவனி' என்னும் மருந்தை உருவாக்கியது. வருவாயில் பாதி காணிக்காரர்க்கு என முடிவாயிற்று. 1997இல் அவர்கட்கென அறக்கட்டளை ஒன்றும் பதிவாயிற்று. எனினும், குடியின் அறிவைப் புறத்தார்க்குக் கூறியது முறையன்று என அவர்களுள் மருத்துவம் வல்லார் சிலர் வருந்தினர்.

அதியமான் பயனை மறைத்துக் கனியை ஈந்தான். காணிக்காரர் காயை ஈந்தபின் அதன் செடியையும் காட்டினர். முன்னதில் ஈந்தவனது பெருமையைப் பெற்றவர் பாடினார். பின்னதில் ஈந்தோர்க்கு உரியது யாது என்பதைப் பெற்றோர் கணக்கிட்டனர். கணக்கிட்டமை நன்றே, ஆயினும் ஈந்தோருள் ஒரு சாரார்க்கு மனம் நிறையவில்லை என்பதையும் மறத்தல் ஆகாது. பழம்பாட்டின் வினா இன்றும் முடிந்துவிடவில்லை.

ஆகவே, இலக்கியத்தில் வரும் அரிய மருந்தை ஆராயும் மாணவர் தாவரநூலைப் பின்னர்ப் புரட்டலாம். அம்மருந்து யார் கையிலிருந்து யார் கைக்குச் சென்றது, கொடுத்தவன் என்ன ஆனான் என்பவற்றை முதலில் காண்க. ஔவையார் நமக்குக் கூற விரும்பியதும் அதுவே.