‘சமாதானம்’ என்னும் நடுவர்: கொலோசெயர் 3:15 தமிழாக்கம் குறித்து ஒரு நோக்கு

முன்னுரை

அன்றாட வாழ்வில் ஒரு முடிவை எடுக்கும்போது, ‘இதில் எனக்குச் சமாதானம் இருக்கிறது’ என்றோ ‘சமாதானம் இல்லை’ என்றோ கூறுவது தமிழ்க் கிறித்தவரிடையே நிலைபெற்ற வழக்காகும். வேலை மாற்றம், மணப்பேச்சு, வீடு வாங்குதல் ஆகிய எல்லாவற்றிற்கும் இவ்வளவுகோல் பயன்படுகிறது. இதற்கு ஆதாரமாகப் பெரிதும் காட்டப்பெறுவது, பவுலின் பெயரால் வழங்கும் கொலோசெயர் நிருபத்தின் 3:15ஆம் வசனமாகும். அதன் தமிழாக்கங்களை ஒப்புநோக்கி, உள்ளத்தின் அமைதி எந்த அளவிற்கு முடிவுகளுக்கு வழிகாட்ட இயலும் என்பதை இக்கட்டுரை ஆராய முற்படுகிறது.

இரு தமிழாக்கங்கள்

சீர்திருத்தச் சபைகளில் வழங்கும் 1871ஆம் ஆண்டின் ஐக்கியத் திருப்புதல் இவ்விடத்தில் ‘தேவசமாதானம்’ என்ற தொடரையும் ‘ஆளுதல்’ என்ற வினையையும் ஆள்கிறது. 1995இல் வெளிவந்த திருவிவிலியம் ‘அமைதி’ என்ற பெயரையும் ‘நெறிப்படுத்துதல்’ என்ற வினையையும் தேர்ந்துகொண்டது. முன்னதில் ‘தேவன்’ என்றும் பின்னதில் ‘கிறிஸ்து’ என்றும் வருவது கிரேக்கச் சுவடிகளின் பாட வேறுபாட்டால் அமைந்தது. வினைச்சொல்லின் வேறுபாடோ மொழிபெயர்ப்பாளரின் தேர்வாகும்.

கிரேக்க மூலத்திலுள்ள வினை, விளையாட்டுப் போட்டியில் நடுவராயிருந்து தீர்ப்பளித்தலைக் குறித்துப் பிறந்தது. புதிய ஏற்பாட்டில் அது இவ்வோரிடத்தில் மட்டுமே பயில்கிறது. காலப்போக்கில் அச்சொல் பொதுவாக ஆளுதலையும் குறித்தமையால், ‘ஆளுதல்’ என்பதைப் பிழையெனக் கொள்ள இயலாது. எனினும் ஒன்று நோக்கத்தக்கது. அதே வேரினின்று பிறந்த மற்றொரு வினை 2:18இல் வருகிறது. அங்கே 1871ஆம் ஆண்டுத் திருப்புதல் ‘பந்தயப்பொருள்’ எனப் போட்டிக் களத்தைத் தெளிவாகக் காட்டுகிறது. அடுத்த அதிகாரத்தில் அக்களமும் நடுவரும் மறைந்து, அரசன் தோன்றிவிடுகிறான்.

இம்மாற்றம் சிறியதன்று. அரசனின் ஆணை கேள்விக்கு அப்பாற்பட்டதாகக் கருதப்படுவது. நடுவரோ விதிக்குக் கட்டுப்பட்டவர். இரு தரப்பையும் நோக்கிய பின்னரே தீர்ப்பளிப்பவர். சமாதானத்தை அரசனாகக் கொள்ளும்போது, மனத்தில் எழும் ஓர் உணர்வே முடிந்த முடிபாகிவிடும் ஆபத்து உண்டு.

சொல்லின் இரு முகங்கள்

இவ்வாபத்தைத் தமிழ் வழக்கே உணர்த்துகிறது எனலாம். ‘சமாதானம் சொல்லுதல்’ என்பது பல வேளைகளில் சாக்குச் சொல்லுதலாகும். ‘மனத்தைச் சமாதானப்படுத்திக்கொள்ளுதல்’ என்பது கசப்பானதை ஏற்குமாறு தன்னைத்தானே தேற்றிக்கொள்ளுதலாகும். ‘சமாதானமாகப் போ’ என்ற அறிவுரை பெரும்பாலும் இழைத்தவனுக்கன்று, இழைக்கப்பட்டவனுக்கே கூறப்படுகிறது. ‘அமைதி’ என்ற சொல்லும் இதற்கு விலக்கன்று. பிழையாயினும் காரணம் கருதி ஏற்றுக்கொள்வதை இலக்கணம் ‘வழுவமைதி’ என்கிறது.

ஆயினும், உரை மரபிலும் தருக்க மரபிலும் ‘சமாதானம்’ என்பது ஆட்சேபத்திற்கு அளிக்கும் விடையாகும். தடை எழுப்பப்படாத இடத்தில் இப்பொருளிலான சமாதானத்திற்கு இடமில்லை. நடுவர் என்ற மூலப்பொருளுக்கு மிக நெருங்கிய பொருள் இதுவே எனக் கருதலாம்.

அமைதியும் தெளிவும்

மன அமைதி ஒன்றே சரியான முடிவிற்குச் சான்றாகாது என்பதை விவிலியமே காட்டுகிறது. கடவுளின் கட்டளைக்கு விலகி ஓடிய யோனா, புயலிடையே கப்பலின் அடித்தட்டில் அயர்ந்து உறங்கினான். கட்டளைக்குப் பணிந்த இயேசுவோ கெத்செமனேயில் கடுந்துயருற்றார். முன்னவனின் உறக்கம் ஒப்புதலும் அன்று. பின்னவரின் கலக்கம் மறுப்பும் அன்று.

1548இல் அச்சேறிய லொயோலா இஞ்ஞாசியாரின் ‘ஆன்மிகப் பயிற்சிகள்’ இதனை நுட்பமாக அணுகுகிறது. மனம் கலங்கிய வேளையில் முன் எடுத்த முடிவை மாற்றலாகாது என்கிறது அந்நூல். ஆறுதலுணர்வும் ஏமாற்றக்கூடும் என எச்சரிக்கிறது. தேர்வு செய்பவர் எப்பக்கமும் சாயாத தராசு முள்போல் நின்று, இரு பக்க நன்மை தீமைகளையும் எண்ணிப் பார்க்க வேண்டும் என்கிறது. நடுவுநிலைமை அதிகாரத்தில் வள்ளுவரும் (குறள் 118) துலாக்கோலையே உவமையாக்கினார். இவ்விரு நோக்கிலும் சமநிலை என்பது தீர்ப்பன்று; தீர்ப்பதற்கு முன் வேண்டப்படும் தகுதி.

ஜொகூர்ச் சூழல்

இவ்வேறுபாட்டின் பயனை ஜொகூர்ச் சூழலில் வைத்துக் காணலாம். இம்மாநிலத்தில் 2014 ஜனவரி முதல் 2024 இறுதி வரை வெள்ளியும் சனியும் வார விடுமுறையாக இருந்தன. அரசு அலுவலகங்களுக்கும் பள்ளிகளுக்கும் ஞாயிறு வேலைநாளாயிற்று. 2025 ஜனவரியில்தான் ஞாயிறு மீண்டும் விடுமுறையானது. அப்பதினோராண்டுகளில், ஞாயிறு வழிபாடா வகுப்பறையா என்ற வினா கிறித்தவத் தமிழாசிரியருக்கு ஏட்டு வினாவன்று. ‘எனக்குச் சமாதானமே’ என அவர் ஒரு பக்கம் சாய்ந்தால் வினா அங்கேயே முடிந்துவிடும். நடுவரை ஏற்பாராயின், மாணவரின் உரிமை, குடும்பத்தின் தேவை, சபையின் ஒன்றுகூடல் ஆகிய அனைத்தும் வழக்காட வேண்டும்.

முடிவுரை

வசனம் ‘இருதயம்’ பற்றியே பேசுவதால் இது தனிமனித அனுபவமே எனச் சிலர் ஆட்சேபிக்கலாம். அதற்குச் சமாதானம் வசனத்திலேயே உண்டு. விளிக்கப்படுவோர் பலர், அவர்கள் ஒரே உடலாகவே அழைக்கப்படுகின்றனர். முன் வரும் வசனங்கள் பொறுத்தலையும் மன்னித்தலையும் பேசுகின்றன. எனவே, பிறரை மௌனமாக்கிப் பெறும் அமைதி இவ்வசனம் கூறும் அமைதியாகாது. இனிவரும் தமிழாக்கங்கள் ‘நடுவராயிருத்தல்’ என்ற பொருளை மீட்டுத் தருவது நலம். அதுவரை மொழிபெயர்ப்பியல் வகுப்புகளில் இவ்விரு தமிழாக்கங்களையும் அருகருகே வைத்துக் கற்பிப்பது, ஒரு வினைச்சொல் ஒரு சமூகத்தின் முடிவெடுக்கும் முறையை எவ்வாறு வடிவமைக்கிறது என்பதை மாணவர்க்கு உணர்த்தும்.