கூட்டுக்குள் இருப்பவர் யார்?

ஆரணியில் தறிக்குழியில் அமர்ந்தே வாழ்நாளைக் கழித்த முதியவர்கள், அசல் பட்டை அறிய ஒரு வழி வைத்திருக்கிறார்கள். சேலையிலிருந்து ஓர் இழையை உருவித் தீயில் காட்டுவார்கள். பட்டாயின் மயிர் கருகும் வாடை எழும்; சாம்பல் விரலிடையில் பொடியாகும். பாலியெஸ்டராயின் உருகிக் கட்டியாகும். கண்ணுக்கு இரண்டும் ஒன்றே, நெருப்புக்கு ஒன்றல்ல.

இவ்வூரில் வாழ்ந்துகொண்டு விக்கிரமாதித்தன் கதையை மீண்டும் வாசித்தபோது, அதில் வரும் கூடுவிட்டுக் கூடு பாயும் வித்தை நமக்குப் புதிய கேள்வியாக எழுந்தது. தகுதியற்றவர் செவியில் விழலாகாது எனக் காக்கப்பட்ட வித்தை அது. ஏன் அத்தனை காவல்? அதற்குத் தடயம் இல்லை என்பதே காரணம். களவு போன பொருளைத் தேடலாம். களவு போன உடலை எங்கே தேடுவது? அதே முகம், அதே தழும்பு, அதே குரல், அதே முத்திரை மோதிரம். சாட்சி சொல்ல வருபவனும், "இவரே அரசர்" என்றுதான் சொல்வான்.

கதை நாம் அறிந்ததே. அரசன் தன் உடலை விட்டு, இறந்து கிடந்த கிளியின் உடலுள் புகுகிறான். வித்தையை ஒட்டுக்கேட்டுக் கற்றிருந்த ஒருவன், வெறுமையாய்க் கிடந்த அரச உடலுள் புகுந்து அரண்மனைக்குப் போகிறான். வாயிற்காவலன் வணங்குகிறான். அவை எழுந்து நிற்கிறது. அரசி மட்டும் ஐயுறுகிறாள். நோன்பு என்று காரணம் சொல்லி அவனை விலக்கி வைக்கிறாள்.

நம் மரபில் இதற்கு இணையான இன்னொரு வரலாறு உண்டு. 12ஆம் நூற்றாண்டில் சேக்கிழார் இயற்றிய பெரியபுராணத்தில், சாத்தனூரில் மூலன் என்னும் ஆயன் இறந்து கிடக்க, பசுக்கள் சுற்றி நின்று கதறுகின்றன. அவ்வழி வந்த யோகியார் இரக்கம் மேலிட்டு அவன் உடலுள் புகுந்து, அவற்றை வீடு சேர்க்கிறார். அவரே திருமூலர். அங்கே நோக்கம் களவு அன்று, கருணை. ஆயினும் அங்கும் மாற்றத்தை முதலில் உணர்ந்தவள் மூலனின் மனைவியே. ஊர்ப் பெரியோர் வந்து பார்த்துத் தெளிந்தது பிறகுதான்.

இவ்விரண்டு கதைகளும் ஒரே இடத்தில் வந்து நிற்பது தற்செயல் என்று நமக்குத் தோன்றவில்லை. சட்டமும் காவலும் கண்டறிய இயலாததை உடன் வாழ்ந்தவர் கண்டறிவர் என்று அவை நம்புகின்றன. விக்கிரமாதித்தன் கதையின் உயிர்நிலை அதன் மாயத்தில் இல்லை. அரசியின் ஐயத்தில் இருக்கிறது.

கதையின் குறைகளையும் சொல்லத்தான் வேண்டும். சில வடிவங்களில் ஒட்டுக்கேட்டவன் ஒரு தச்சன். அரசன் கற்றால் வித்தை, உழைப்பாளி கற்றால் களவு என்னும் தொனி, கைத்தொழிலால் வாழும் ஊரில் இருந்து வாசிப்போர்க்கு உறுத்தும். மேலும், தன் உடலைக் காவலின்றிப் போட்டுச் சென்ற அரசனை எவரும் கேள்வி கேட்பதில்லை. காலியாகக் கிடந்த வீட்டில்தானே வேறொருவன் குடிபுகுந்தான்? தண்டனை முழுவதும் திருடனுக்கே. விட்டுச் சென்றவனின் பொறுப்பைக் கதை மறந்துவிடுகிறது.

இணைச்சட்ட நூலின் 18ஆம் அதிகாரம் மாயவித்தையை விலக்குகிறது. ஆனால் விலக்கு மட்டும் நம்மைக் காத்துவிடுமா? தொடக்கநூலில் பார்வை மங்கிய ஈசாக்கு, குரல் யாக்கோபுடையது என்று உணர்ந்தும், ரோமம் போர்த்த கைகளைத் தடவிப் பார்த்து ஏமாந்தார். அன்று குரல் உண்மை சொன்னது, கை பொய் சொன்னது. இன்றோ குரலே பொய் சொல்கிறது. ஒருவர் பேசிய சில நொடி ஒலிப்பதிவைக்கொண்டு, அவர் பேசாததையெல்லாம் அவர் குரலில் பேசவைக்கும் கணினி நுட்பம் வந்துவிட்டது. கூடுவிட்டுக் கூடு பாய இப்போது மந்திரம் வேண்டியதில்லை.

நம் பங்கில் தார் சுற்றிப் பிழைக்கும் ஒரு தாய்க்கு வெளியூரில் வேலை செய்யும் மகன் உண்டு. ஒரு மாலை, அவன் குரலில் அழைப்பு வந்தது. விபத்து, மருத்துவமனை, உடனே பணம் வேண்டும் என்று அழுகை. சீட்டுப் பணத்தை முழுவதும் பக்கத்து வீட்டுப் பிள்ளையின் உதவியால் அனுப்பிவிட்டார். அன்று மகன் நலமாகவே இருந்தான். செய்தி கேட்டு ஆறுதல் சொல்லச் சென்றோம். பணம் போனதைப் பற்றி அவர் அதிகம் பேசவில்லை. "எட்டு மாசமா அவன் பேசல சாமி. குரல் கேட்டதே போதும்னு இருந்துட்டேன். பெத்த பிள்ளை எப்படிப் பேசுவான்னே எனக்கு மறந்துபோச்சே" என்றார்.

நம்மிடம் மறுமொழி இல்லை. திருடனைக் கண்டிப்பது எளிது. ஆனால் எட்டு மாதம் வெறுமையாய்க் கிடந்த அந்த இடத்தைத் திருடன் உண்டாக்கவில்லை, புகுந்தான், அவ்வளவே. விக்கிரமாதித்தன் கதை மறந்துவிட்ட பொறுப்பு அந்தக் குடிசையில் நம் முன் நின்றது. அது அந்த மகனுடையது மட்டும் அன்று. அந்தத் தாயின் பெயரும் இல்லமும் நம் பங்குப் பதிவேட்டில் உண்டு; அவர் மகனோடு பேசி எட்டு மாதம் ஆயிற்று என்பது நமக்குத் தெரியாது. ஆடுகள் ஆயனின் குரலை அறியும் என்று யோவான் நற்செய்தியின் 10ஆம் அதிகாரத்தை மக்களுக்கு வாசித்துக்காட்டும் நாம், ஆடுகளின் குரலை எவ்வளவு அறிந்திருக்கிறோம்?

அரசி அறிந்தது எந்த மந்திரத்தாலும் அன்று. நாள்தோறும் அவனோடு உண்டு, பேசி, பிணங்கி, இணங்கி வாழ்ந்ததால் அறிந்தாள். இழையைத் தீயில் காட்டும் முதியவரின் அறிவும் அத்தகையதே; அது ஒரு நாளில் வருவதன்று. இப்பக்கத்தை மூடியதும், நீண்ட நாள் பேசாத ஒருவரை அழைத்துப் பேசுங்கள் என்பதே இந்தப் பழங்கதையை வாசித்த நாம் உங்களிடம் வைக்கும் வேண்டுகோள். நாமும் அவ்வாறே செய்யப் போகிறோம்.